நீல அறையின் மூன்றாவது இழுப்பறை

கல்யாணமாகிப் பத்தொன்பதாம் நாள் அவர் ஃபிரான்சுக்குத் திரும்பிப் போனார். அதன்பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் போன் செய்தார்.

“சாப்ட்டியா?”

“சாப்ட்டேன். நீங்க?”

“சாப்ட்டேன்.”

அதற்குமேல் இருவருக்கும் ஒன்றும் வராது. அம்மா கதவருகே நின்றுகொண்டு, பேசு பேசு என்று கையால் சைகை காட்டுவாள். நான் சுவரைப் பார்ப்பேன். “சரி, வெச்சிடறேன்” என்று அவர் சொல்லும்போது நிம்மதியாக இருக்கும். வைத்தபிறகு அழுகை வரும்.

அவர் பெயர் செம்மல். தாத்தா காலத்திலேயே ஃபிரெஞ்சுக் குடியுரிமை வாங்கிய குடும்பம். ஒன்பது வயதில் அப்பா அம்மாவோடு போனவர், அங்கேயே படித்து, பாரிசுக்கு வெளியே ஒரு பார்சல் கிடங்கில் இரவு ஷிஃப்ட் பார்க்கிறார். நான் தையல்நாயகி. பாண்டிச்சேரி, நெல்லித்தோப்பு. பி.எஸ்சி. இயற்பியல். அப்பா பெயர் பாவாடை, மில்லில் டைம் ஆபீசில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். எங்களுக்கு எட்டுப் பொருத்தம் இருப்பதாகச் சொன்னார்கள். இருவருக்குமே பேச்சு வராது என்பதை யாரும் பார்க்கவில்லை.

நான் அங்கே போக வேண்டுமென்றால் முதலில் எங்கள் கல்யாணம் ஃபிரெஞ்சுப் பதிவேட்டில் ஏற வேண்டும். பேப்பர் எல்லாம் ஃபிரெஞ்சு கான்சலேட்டில் கொடுத்தாயிற்று. எல்லோரையும் நேரில் கூப்பிட மாட்டார்கள், சிலரைக் கூப்பிடுவார்கள் என்று தெருவில் சொன்னார்கள். கூப்பிட்டால், இது உண்மையான கல்யாணமா, விசாவுக்காகக் கட்டிக்கொண்டதா என்று தோண்டிக் கேட்பார்கள். சந்தேகம் வந்தால் தொசியே நின்றுவிடும். எங்கள் ஊரில் கோப்பு என்று யாரும் சொல்வதில்லை, தொசியேதான்.

எனக்கும் அதே கேள்விதான் இருந்தது. பத்தொன்பது நாள் பார்த்த மனிதரைப் பற்றி எனக்கு என்ன தெரியும்?

அவர் கிளம்புவதற்கு இரண்டு நாள் முன்பு டிக்கெட்டை பிரிண்ட் எடுக்க நெல்லித்தோப்பு மார்க்கெட் பக்கம் இருக்கும் பிரவுசிங் சென்டருக்குப் போனோம். நடத்துபவர் சுப்பிரமணியன் அண்ணன், திண்டிவனத்துக்காரர். ப்ளைவுட் தடுப்புக்குள் ஒரு நாற்காலியும் ஒரு ஸ்டூலும். ஸ்டூலில் அவர் உட்கார்ந்துகொண்டார். பாஸ்வேர்டை மூன்று முறை தப்பாக அடித்தார்.

“அங்க கீபோர்டுல எழுத்துல்லாம் இடம் மாறி இருக்கும்” என்றார். “ஏ அடிச்சா க்யூ வருது.”

பிரிண்டர் வரிவரியாக முனகிக்கொண்டிருந்தது. சும்மா இருக்கக் கூச்சமாக இருந்திருக்க வேண்டும். ஏதோ ஒரு பக்கத்தைத் திறந்தார். திரையில் ஓர் அறை வந்தது. சோபா, அலமாரி, பூட்டிய கதவு.

“என்னாது இது?”

“ஒரு ரூம்ல வெச்சிப் பூட்டிட்டாங்க. வெளிய வரணும். அவ்ளோதான்.”

“யாரு பூட்டினாங்க?”

அவர் யோசித்தார். “அது சொல்ல மாட்டாங்க.”

அறையில் எங்கே வேண்டுமானாலும் கிளிக் செய்யலாம். சில இடம் திறக்கும், சில இடம் திறக்காது. கிடைப்பதை எடுத்து வைத்துக்கொண்டு, எது எதற்குச் சேரும் என்று பார்க்க வேண்டும். நான் சோபாவின் மெத்தையைத் தூக்கிப் பார்க்கச் சொன்னேன். கீழே சாவி இருந்தது.

“நான் இத பத்து தடவ ஆடிருக்கேன். மெத்தையத் தூக்கவே இல்ல” என்றார்.

திரும்பி என்னைப் பார்த்தார். கல்யாணத்து மேடையில்கூட அப்படிப் பார்க்கவில்லை.

அக்டோபரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, சாப்ட்டேன் சாப்ட்டேன் முடிந்து மௌனம் வந்தபோது அவர் சொன்னார், “அந்த மாதிரி ரூம் இன்னொண்ணு வந்திருக்கு. நீயும் அங்கேர்ந்து பாக்கறியா?”

அப்படித்தான் ஆரம்பித்தது. அவர் வேலை முடிந்து வீடு வரும்போது இங்கே காலை பத்தரை. நான் சென்டரில் நாலாவது கேபினில் இருப்பேன். இருவரும் ஒரே விளையாட்டைத் தனித்தனியாகத் திறந்துகொள்வோம். பக்கத்தில் யாஹூ மெசெஞ்சர். தமிழை இங்கிலீஷ் எழுத்தில் தட்டுவோம். அறையின் இடது பாதி அவருக்கு, வலது பாதி எனக்கு. கண்டுபிடித்ததைச் சொல்லிக்கொள்வோம். அவர் ஒரே ஒரு கண்டிஷன் போட்டார்: எவ்வளவு மாட்டிக்கொண்டாலும் வாக்த்ரூ பார்க்கக் கூடாது. வாக்த்ரூ என்றால், முடித்தவர்கள் வழியை வரிசையாக எழுதி நெட்டில் போட்டிருப்பது.

தட்டுவது எனக்குச் சுலபமாக இருந்தது. முகம் தெரியாது. குரல் நடுங்காது. “ஜன்னல் கம்பிக்குப் பின்னால ஸ்க்ரூடிரைவர்” என்று சொல்ல யாருக்கும் கூச்சம் வராது.

ஒவ்வோர் அறையையும் கல்லூரி ரெக்கார்டு நோட்டு மாதிரி எழுதி வைத்தேன். நோக்கம், தேவையான பொருள்கள், செய்முறை, முடிவு. முடிவு என்ற இடத்தில் எப்போதும் ஒரே வரி: வெளியே வந்தோம். ஜனவரிக்குள் நாற்பத்தொரு அறைகளிலிருந்து வெளியே வந்திருந்தோம்.

சென்டரில் உள்ளே போகும்போது ரிஜிஸ்டரில் பெயரும் நேரமும் எழுத வேண்டும். நான் எழுதியதைச் சுப்பிரமணியன் அண்ணன் தினமும் உரக்கப் படிப்பார்.

“எழுபது மணி எழுபத்தஞ்சு நிமிசம். எந்த ஊர் கடிகாரம்மா இது?”

“பத்து பதினஞ்சுண்ணே.”

“ஒண்ணுன்னா ஒரு கோடு இழு. நீ ஏன் அதுக்குத் தும்பிக்கை வெக்கிற?”

அது அப்பாவிடமிருந்து வந்தது. மில்லில் அவருக்கு மேலே இருந்த பெரிய கிளார்க் ஃபிரெஞ்சுக்காரன் காலத்து ஆள். ஒன்றுக்கு நீளமாக மூக்கு இருக்க வேண்டும், ஏழுக்கு இடுப்பில் குறுக்குக்கோடு இருக்க வேண்டும், இல்லாவிட்டால் ரிஜிஸ்டரைத் திருப்பி எறிவாராம். அப்பா எனக்கு எண் சொல்லிக்கொடுத்தபோது, “ஒண்ணுக்கு மூக்கு, ஏழுக்கு அரைஞாண்” என்றுதான் சொல்லிக்கொடுத்தார். அரைஞாண் கட்டாவிட்டால் அது ஏழு இல்லை. பள்ளிக்கூடத்தில் டீச்சர்கள் திருத்திப் பார்த்தார்கள். எனக்குக் கை பழகிவிட்டது.

ஜனவரி இருபதாம் தேதி நீல அறைக்குள் போனோம்.

நீலச் சுவர். மேசை, அதில் மூன்று இழுப்பறைகள். எண்களே இல்லாத ஒரு கடிகாரம். தரையில் ஒரு சின்னக் கம்பளம். இடது மூலையில் மீன் தொட்டி, அதில் ஒரே ஒரு மீன். யார் செய்த விளையாட்டோ தெரியாது. பக்கத்தில் ஏதோ கட்டம் கட்டமான எழுத்து. முதல் நாளே பாதி முடித்துவிட்டோம். பூச்சாடிக்குள் ஒரு கிழிந்த காகிதம் அவருக்குக் கிடைத்தது. கம்பளத்துக்கு அடியில் மீதிப் பாதி எனக்குக் கிடைத்தது. இரண்டையும் சேர்த்தால், யாரோ பேனாவால் சாய்வாகக் கிறுக்கிய நாலு எண்கள். மூன்றாவது இழுப்பறையில் நாலு எண் பூட்டு.

“4112” என்று அவர் தட்டினார். நானும் அதே நேரத்தில் அதையேதான் தட்டினேன்.

திறக்கவில்லை.

“தலைகீழா போட்டுப் பாரு” என்றார். 2114. இல்லை. கூட்டிப் பார்த்தோம், பெருக்கிப் பார்த்தோம். கடிகார முள் நிற்கும் இடத்தைச் சேர்த்துப் பார்த்தோம். மீனைக் கிளிக் செய்தால் ஒரு குமிழி விடும், அவ்வளவுதான். பக்கத்தின் கீழே முடித்தவர்கள் எழுதியிருந்தார்கள். பன்னிரண்டு நிமிடம். எட்டு நிமிடம். ரொம்ப ஈசி.

“இவங்களுக்கு மட்டும் எப்படி?” என்றார்.

“நாமதான் மக்கு” என்று தட்டினேன்.

“ரெண்டு பேருமேவா?”

மறுநாளும் போனோம். அதற்கு மறுநாளும். செய்ய ஒன்றும் இல்லாததால் உள்ளே சும்மா உட்கார்ந்திருந்தோம். அப்போதுதான் வேறு பேச்சு வந்தது.

ஃபிரான்சில் பள்ளியில் சேர்ந்த முதல் வருடம் அவர் வாயே திறக்கவில்லையாம். காது கேட்காத பிள்ளை என்று நினைத்து டாக்டரிடம் கூட்டிப் போனார்களாம். “எல்லாம் கேக்கும். தப்பா சொல்லிட்டா சிரிப்பாங்களேன்னு பயம்.” எனக்கு என் வைவா ஞாபகம் வந்தது. வெளியிலிருந்து வந்த பரீட்சையாளர் கேட்ட ஏழு கேள்விக்கும் எனக்குப் பதில் தெரியும். ஒன்றுக்கும் வாய் திறக்கவில்லை. இதை யாரிடமும் சொன்னதில்லை. அவரிடம் தட்டினேன்.

“இப்ப சொல்லு. என்கிட்ட. ஏழு பதிலும்” என்று வந்தது.

ஏழையும் தட்டினேன். கடைசிப் பதில் அவருக்குப் புரியவில்லை. “கரெக்டாதான் இருக்கும்” என்று எழுதி, மதிப்பெண் போட்டார்.

அந்த மீனுக்கு அவர் பெயர் வைத்திருந்தார். முசியே, ஃபிரெஞ்சில் ஐயா என்று அர்த்தம். தினமும் உள்ளே போனதும் முதல் வேலையாக மீனைத்தான் கிளிக் செய்வார். “முசியே நல்லா இருக்கார்” என்று எனக்குச் செய்தி வரும். அதற்குப்பிறகுதான் வேலை.

பிப்ரவரி முதல் வாரம் கடிதம் வந்தது. பன்னிரண்டாம் தேதி மூன்று மணிக்கு நான் நேரில் வர வேண்டும். என் கணவரை இருபத்தேழாம் தேதி அவருடைய ஊரில் கூப்பிடுவார்கள்.

வீடு கலங்கிவிட்டது. அம்மா தெருவில் நாலு பேரைக் கேட்டு அறுபது கேள்விகள் சேர்த்தாள். மாமியார் பெயர், அவர் சட்டை அளவு, எந்தப் பக்கம் திரும்பிப் படுப்பார்.

“எந்தப் பக்கண்டீ?”

“தெரியலம்மா.”

“பத்தொம்பது நாள் என்னாதான் பண்ண?”

அப்பா பேப்பரை முகத்துக்கு நேரே தூக்கிப் பிடித்துக்கொண்டார்.

அறுபதுக்கும் பதில் எழுதி மனப்பாடம் செய்தேன். ஆனால் எனக்குத் தெரியும், அந்நியர் முன்னால் என் வாய் என்ன செய்யும் என்று. வைவாவில் போனது ஐந்து மார்க்கு. இதில் வாய் அடைத்தால் தொசியே நின்றுவிடும். அவர் அங்கே, நான் இங்கே.

பன்னிரண்டாம் தேதி கான்சலேட்டில் என்னை விசாரித்த அதிகாரி வயதான ஃபிரெஞ்சுப் பெண்மணி. பக்கத்தில் மொழிபெயர்க்க க்ளெமான்ஸ் என்ற நம் ஊர் அம்மா, பருத்திப் புடவை, கழுத்தில் சின்னச் சிலுவை. “பயப்படாதம்மா. தெரிஞ்சதச் சொன்னா போதும்” என்றார்.

என் கணவர் பிறந்த தேதி சொன்னேன். வேலை சொன்னேன். பிடித்த சாப்பாடு, மீன் குழம்பு. சட்டை அளவு நாற்பது. கேட்காத கேள்விக்கும் பதில் சொன்னேன். அதிகாரி பேனாவைக் கீழே வைத்துவிட்டு ஏதோ சொன்னார்.

க்ளெமான்ஸ் அம்மா மெல்லச் சொன்னார். “ஒப்பிக்கிறியாம். மதாம் அதக் கேக்கல. நீங்க ரெண்டு பேரும் என்னா பேசிக்குவீங்க?”

எனக்கு வாய் அடைத்தது. மேசையில் ஒரு மணி இருந்தது, கடிதங்களின் மேல் வைக்கும் கண்ணாடிக் குண்டு இருந்தது. வலது பாதியில் ஓர் அலமாரி இருந்தது. நான் அறையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது.

“பேப்பர் கிடைக்குமா?” என்று கேட்டேன்.

கொடுத்தார்கள். நீல அறையை வரைந்தேன். மேசை, மூன்று இழுப்பறை, கடிகாரம், கம்பளம், மீன் தொட்டி. எனக்கு மீன் வரைய வராது, தொட்டியை வெறுமனே விட்டுவிட்டேன். தலை நிமிராமல் பென்சிலைப் பார்த்துக்கொண்டே சொல்ல ஆரம்பித்தேன். இது ஒரு விளையாட்டு. இந்தப் பாதி அவருக்கு, இந்தப் பாதி எனக்கு. நான் எதையும் தூக்கிப் பார்ப்பேன். அவர் கம்பளத்தைத் தூக்க மாட்டார், அடுத்தவர் வீட்டுக் கம்பளம் என்பார். திறந்த இழுப்பறையை மூடிவிட்டுத்தான் அடுத்ததற்குப் போவார், மூட வேண்டிய அவசியமே இல்லை, விளையாட்டுதான், இருந்தாலும் மூடுவார். நான் முதலில் கண்டுபிடித்தால் சந்தோஷப்படுவார். அவர் முதலில் கண்டுபிடித்தால் சொல்ல மாட்டார், “வலது பக்கம் இன்னொரு வாட்டி பாரு” என்று என்னையே கண்டுபிடிக்க விடுவார். எனக்கு அது தெரியும் என்று அவருக்குத் தெரியாது.

க்ளெமான்ஸ் அம்மா ஃபிரெஞ்சில் சொல்லிக்கொண்டே வந்தவர் இந்த இடத்தில் கொஞ்சம் நின்றார். பிறகு சொன்னார்.

அதிகாரி கேட்டார், வெளியே வந்துவிட்டீர்களா?

“இல்ல. இருபத்திமூணு நாளா உள்ளதான் இருக்கோம். இந்த டிரா தொறக்கல.” மூன்றாவது இழுப்பறைக்குப் பக்கத்தில் 4112 என்று எழுதிக் காட்டினேன்.

அதிகாரி தாளைத் திருப்பிப் பார்த்தார். “2114?” என்று அவரே கேட்டார்.

“போட்டுப் பாத்துட்டோம்” என்றேன்.

தாளைத் தொசியேவில் வைத்துக்கொண்டார். எழுந்தபோது க்ளெமான்ஸ் அம்மா சொன்னார், “இங்க பேசனத உன் வூட்டுக்காரர்கிட்ட சொல்லாத. அவரத் தனியா கேப்பாங்க. அவர் சொல்றதும் நீ சொல்றதும் ஒண்ணா இருக்கான்னு பாக்கணும்.”

சொல்ல மாட்டேன் என்று தலையாட்டினேன்.

அங்கிருந்து நேராக சென்டருக்குப் போனேன். அவர் அந்த நேரம் வர மாட்டார். இருந்தாலும் அந்த அறையை ஒரு தடவை பார்க்க வேண்டும் போல இருந்தது. கிழிந்த காகிதத்தைப் பெரிதாக்கியபோது திரை உறைந்துவிட்டது. சுப்பிரமணியன் அண்ணன் வந்து மவுஸைத் தட்டினார்.

“என்னா இது, போன் நம்பரா? நாலு ஏழு ஏழு ரெண்டு.”

“நாலு ஒண்ணு ஒண்ணு ரெண்டுண்ணே.”

“எது ஒண்ணு? ஏழும்மா அது.”

“ஏழுன்னா குறுக்கால கோடு இருக்குமே.”

“உங்க பாண்டிச்சேரில இருக்கும். எங்க திண்டிவனத்துல ஏழுக்கு ஒண்ணும் கட்டி வுடறதில்ல. சும்மாதான் நிக்கும்.” அவர் சிரித்துக்கொண்டே போய்விட்டார்.

நான் திரையைப் பார்த்தேன். அச்சில் வரும் ஏழு எனக்குத் தெரியாதா என்ன? ஆனால் கையால் எழுதியது வேறு. பேனாவால் எழுதிய, அரைஞாண் இல்லாத, மூக்கு நீண்ட எண் எனக்குப் பிறந்ததிலிருந்து ஒன்றுதான். அவருக்கும் அப்படித்தான். நான் அப்பாவின் மில் ரிஜிஸ்டரிலிருந்து படித்தேன். அவர் ஃபிரான்சில் வாய் திறக்காத அந்த வகுப்பில் உட்கார்ந்து படித்தார். உலகத்தில் எல்லோரும் எட்டு நிமிடத்தில் பார்த்ததை நாங்கள் இருவர் மட்டும் இருபத்துமூன்று நாள் பார்க்கவில்லை.

4772 போட்டேன். இழுப்பறை திறந்தது. உள்ளே சாவி.

கையை எடுத்துவிட்டேன். இன்னும் திறக்கவில்லை என்று இப்போதுதான் சொல்லிவிட்டு வந்திருக்கிறேன். இதைச் சொல்லிவிட்டால் அவர் இருபத்தேழாம் தேதி என்ன சொல்வார்? முடித்துவிட்டோம், எப்போதோ வெளியே வந்துவிட்டோம் என்பார். 4772 என்பார். என் தாளில் 4112 இருக்கிறது. ஒத்துப்போகாது. அவரிடம் காரணமும் சொல்ல முடியாது, சொல்ல மாட்டேன் என்று தலையாட்டியிருக்கிறேன்.

சாவியை எடுக்காமல் பக்கத்தை மூடினேன்.

மறுநாள் கேட்டார். “என்னா கேட்டாங்க?”

“சொல்லக் கூடாதுன்னாங்க.”

“என்கிட்டயா?”

“உங்ககிட்டதான்.”

“சரி” என்று வந்தது. பிறகு, “முசியே நல்லா இருக்கார்.”

பதினைந்து நாள் அவரை அந்த அறைக்குள் வைத்திருந்தேன். பொய் சொல்லத் தெரியாதவள் நான். “கடிகார முள்ளைப் பாருங்க” என்று தெரிந்தே தப்பான இடத்துக்கு அனுப்பினேன். அவர் நம்பிப் போய் முள்ளை எண்ணினார். இரவெல்லாம் பார்சல் தூக்கிவிட்டு வந்த மனிதர். எனக்குக் கை கூசியது.

ஐந்தாம் நாள், “இத வுட்டுட்டு வேற ரூம் போலாமா?” என்றார்.

“இன்னும் கொஞ்ச நாள்.”

எட்டாம் நாள், “வாக்த்ரூ பாத்துடலாம் தையல். தோத்துட்டோம்னு வெச்சிக்கலாம்.”

“கண்டிஷன் போட்டது நீங்கதான்.”

பதினோராம் நாள் அவர் வரவே இல்லை. பத்தரையிலிருந்து ஒன்றரை வரை நாலாவது கேபினில் இருந்தேன். கோபித்துக்கொண்டாரா? தானே வழியைப் பார்த்து வெளியே போய்விட்டாரா? எது நடந்திருந்தாலும் என்னால்தான்.

மறுநாள் வந்தார். யாரோ லீவாம், டபுள் ஷிஃப்ட்டாம். பிறகு வந்தது: “உனக்கு என்கூட ஆடறது சலிச்சிப் போச்சா? பன்னண்டாந் தேதிலேர்ந்து உன் பதில் எல்லாம் சுருக்கமா வருது. இஷ்டம் இல்லன்னா சொல்லிடு. நான் தப்பா எடுத்துக்க மாட்டேன்.”

நான் எழுதினேன், அழித்தேன். எழுதினேன், அழித்தேன். அவர் திரையில் ‘தையல் தட்டிக்கொண்டிருக்கிறார்’ என்று எவ்வளவு நேரம் தெரிந்திருக்குமோ.

“இந்த ரூம் எனக்குப் பிடிச்சிருக்கு. உங்ககூட இருக்கறதால. இருபத்தேழு வரைக்கும் பொறுத்துக்கங்க. ஏன்னு கேக்காதீங்க.”

இதற்குமுன் இவ்வளவு நீளமாக நான் எதையும் அவரிடம் சொன்னதில்லை.

ஒரு நிமிடம் கழித்து வந்தது. “சரி. வாக்த்ரூ பாக்க மாட்டேன்.”

இருபத்தேழாம் தேதி மாலை வீட்டு போன் அடித்தது. புதன்கிழமை. அப்பா எடுத்து, “மாப்ள” என்றார், என்னிடம் நீட்டிவிட்டு வாசலுக்குப் போனார். அம்மாவையும் இழுத்துக்கொண்டு போனார்.

“சாப்ட்டியா?” என்றார்.

“என்னா கேட்டாங்க?” என்றேன்.

அவர் அந்தப் பக்கம் மூச்சு விட்டார். “ஒரு பேப்பர எடுத்து முன்னால வெச்சாங்க. பென்சில்ல வரைஞ்சது. இது என்னான்னு கேட்டாங்க. பாத்தவுடனே தெரிஞ்சிடுச்சி. உன் ஒண்ணு. உன் மூக்கு வெச்ச ஒண்ணு.”

“நீங்க என்னா சொன்னீங்க?”

“நாங்க இருக்கற ரூம்னு சொன்னேன். வாயில அப்படித்தான் வந்தது. ரெண்டு பேரும் ஒண்ணா இருந்தீங்களா, எங்கன்னு கேட்டாங்க. காலைல ஒரு மணி நேரம்னு சொன்னேன். இந்த மூணாவது டிராவுக்குள்ள என்னான்னு கேட்டாங்க. தெரியாது, இன்னும் தொறக்கலன்னேன்.”

நான் சுவரில் சாய்ந்துகொண்டேன்.

“தொட்டிக்குள்ள ஏன் ஒண்ணும் இல்லன்னு கேட்டாங்க. அவளுக்கு வரைய வந்திருக்காது, அதுல மீன் இருக்கு, பேரு முசியேன்னு சொன்னேன். அந்த ஆபீசர் அப்படியே என்னப் பாத்தார். பேனா வாங்கி நானே ஒரு மீன் போட்டுக் குடுத்துட்டேன்.”

இந்த முறை எனக்குப் பேச்சு வந்தது.

“ஏங்க. அது ஏழு.”

“எது?”

“ஒண்ணு இல்ல. ஏழு. நாலு ஏழு ஏழு ரெண்டு. கோடு போடாத ஏழு. பன்னண்டாந் தேதியே தெரியும். உங்களுக்குத் தெரியாமயே வெச்சிருந்தேன். கடிகார முள்ளெல்லாம் சும்மா சொன்னேன்.”

கோபமோ என்று போனை இறுக்கிப் பிடித்தேன். பிறகு சிரிப்பு கேட்டது. முதலில் மெல்ல, பிறகு நிறுத்த முடியாமல். அவர் அப்படிச் சிரித்து நான் கேட்டதில்லை. போன் கார்டு தீரும்வரை சிரித்தார். எனக்கும் வந்துவிட்டது. வாசலில் அம்மா, “என்னாங்க, அழறாளா சிரிக்கிறாளா?” என்று கேட்பது கேட்டது.

மறுநாள் காலை பத்தரைக்கு இருவரும் உள்ளே போனோம். அவர் மீனைக் கிளிக் செய்தார். ஒன்று இரண்டு மூன்று என்று அவர் தட்ட, இருவரும் 4772 போட்டோம். சாவியை எடுத்தோம். அவர் இழுப்பறையை மூடினார், எனக்குத் தெரியும். கதவு திறந்தது. வெளியே ஒன்றும் இல்லை. வெள்ளைத் திரையில் வாழ்த்து ஒரு வரி.

“அவ்ளோதானா?” என்றார். பிறகு, “முசியே உள்ளயே இருக்கார்.”

“அவரோட தொசியே இன்னும் வரலயாம்” என்று தட்டினேன்.

நான் சொன்ன முதல் ஜோக் அது.

ஏப்ரல் கடைசியில் எங்களுடையது வந்தது. கல்யாணம் பதிவாகிவிட்டது என்று ஒரு சின்னப் புத்தகம், தேதி பேனாவால் எழுதியது. 17.06.2007. அப்பா மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வோர் எண்ணாகப் பார்த்தார்.

“ஒண்ணுக்கு மூக்கு இருக்கு. ஏழுக்கு அரைஞாண் இருக்கு” என்றார். “சரியாதான் எழுதிருக்காங்க.”

பெட்டி கட்டும்போது ரெக்கார்டு நோட்டை எடுத்தேன். நீல அறையின் பக்கத்தில் முடிவு என்ற இடம் மட்டும் காலியாக இருந்தது. ஆய்வுக்கூடத்தில் சொல்வார்கள், இரண்டு பேர் தனித்தனியாக அளந்து இரண்டு பேருக்கும் அதே பிழை வந்தால், இரண்டு பேர் கையிலும் இருப்பது ஒரே அளவுகோல். அதை எழுதலாமா என்று யோசித்தேன். ரெக்கார்டில் அவ்வளவு எழுதக் கூடாது.

வெளியே வந்தோம் என்று எழுதி, தேதி போட்டேன். நோட்டை அவருடைய சட்டைகளுக்கு நடுவில் வைத்தேன். அளவு நாற்பது, அம்மா எடுத்துக் கொடுத்தது. அவருக்கு நாற்பத்திரண்டு என்று பிறகுதான் தெரிந்தது.